மாறிய நிலமும் வரைந்த கையும்

(மன்னார் மாவட்டத்து முருங்கனில் நிகழ்த்திய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



ஓவியத்தைப் பற்றிப் பேச அழைத்தார்கள். வந்திருக்கிறேன். ஆனால் கையில் ஒரு படம்கூடக் கொண்டுவரவில்லை. திரை கட்டலாம், புரொஜெக்டர் வைக்கலாம் என்று நண்பர்கள் சொன்னார்கள். வேண்டாம் என்றேன். கரண்ட் நின்றால் படம் நிற்கும் என்ற பயம் ஒரு காரணம். இன்னொரு காரணம், நான் பேசப்போகும் படங்களில் பாதி இந்த மண்டபத்துக்கு வெளியே வெயிலில் கிடக்கிறது. மற்றப் பாதியை இங்கே உட்கார்ந்திருக்கும் மூத்தவர்கள் நினைவில் வைத்திருக்கிறார்கள்.

பொருளை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். மனிதன் கை பட்டு நிலம் மாறுகிறது. காடு வயலாகிறது. வயல் காவலரணாகிறது. காவலரண் மறுபடியும் காடாகிறது. கடற்கரையில் காற்றாலை எழும்புகிறது. இந்த மாற்றத்தைப் பார்த்துப் படமாகப் பதிந்து வைக்கும் கலைஞர்கள் உலகெங்கும் இருக்கிறார்கள். அவர்கள் எங்கே நின்று பார்க்கிறார்கள்? வானத்தில் நின்றா, வளவுக்குள் நின்றா? அவர்கள் வரைந்த படத்தில் அந்த ஊர்ச்சனத்தின் கை இருக்கிறதா? இதுதான் இன்றைய பேச்சு.

முதலில் ஒன்றைக் கேட்கிறேன். மாறாத நிலம் என்று ஏதாவது நம்மிடம் இருக்கிறதா? கட்டுக்கரைக்குளத்தைப் பாருங்கள். ஆங்கிலேயர் அதை இராட்சதர் குளம் என்றார்கள். இராட்சதரா கட்டினார்கள்? மனிதன் கட்டினான். அருவி ஆற்றைத் தேக்கத்தில் மறித்து, கால்வாய் வெட்டித் தண்ணீரைக் கொண்டுவந்து, மலையும் பள்ளத்தாக்கும் இல்லாத இந்தச் சமதரையில் மண்கட்டு ஒன்றை நீட்டிப் போட்டு நிறுத்தினான். பிறகு அது உடைந்தது. காடு மூடியது. ஒல்லாந்தர் திருத்த யோசித்தார்கள். ஆங்கிலேயர் 19ஆம் நூற்றாண்டின் கடைசியில்தான் திருத்தி முடித்தார்கள். 2016 அளவில் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகப் பேராசிரியர் ப. புஷ்பரட்ணம் தலைமையில் கட்டுக்கரைப் பகுதியில் அகழ்வாய்வு நடந்தபோது, மண்ணுக்குள்ளிருந்து சுடுமண் உருவங்கள் வெளிவந்தன. காடென்று நாம் நினைத்த இடத்துக்குக் கீழே குடியிருப்பு! முருங்கனில் பச்சையாகத் தெரிவதெல்லாம் யாரோ பாடுபட்டுச் செய்த பச்சை.

ஆகவே, மாற்றம் என்றாலே அழிவு என்று கண்ணீர் விடும் பேச்சை என்னிடம் எதிர்பார்க்க வேண்டாம். குளம் கட்டியதும் மாற்றம்தான். அதனால்தான் இன்று மதியம் நாம் எல்லோரும் சோறு சாப்பிட்டோம். யார் மாற்றினார்கள், யாருக்காக மாற்றினார்கள், அங்கே இருந்தவனிடம் ஒரு வார்த்தை கேட்டார்களா என்பதுதான் விஷயம். கலைஞனும் இதைக் கேட்கவேண்டும். கேட்காத கலைஞன் எவ்வளவு பெரியவனானாலும் அவன் படத்தில் ஒரு மூலை காலியாக இருக்கும்.

இந்தத் துறையில் உலகமே அறிந்த பெயர் ஒன்று உண்டு. எட்வேர்ட் பேர்ட்டின்ஸ்கி. கனடாக்காரர். 1955இல் ஒன்ராறியோ மாகாணத்தின் சென் கதரின்ஸ் நகரில், உக்ரேனியக் குடும்பத்தில் பிறந்தவர். தகப்பனார் கார்த் தொழிற்சாலையில் தொழிலாளி. இன்று நம்முடைய பிள்ளைகள் பெருந்தொகையாய் வாழும் ரொறன்ரோதான் அவருக்கும் ஊர்.

அவர் யோசித்த விதத்தைப் பாருங்கள். நகரத்தில் கட்டடங்கள் வானத்தை முட்டி நிற்கின்றன. எல்லோரும் அண்ணாந்து பார்க்கிறார்கள். இவர் கேட்டார்: இவ்வளவு கல்லும் ஓரிடத்தில் எழும்பி நிற்கிறதென்றால், இன்னோரிடத்தில் இதே அளவு பள்ளம் இருக்கத்தானே வேண்டும்? அந்தப் பள்ளம் எங்கே? அதைத் தேடிப் புறப்பட்டார். அமெரிக்காவின் வெர்மொன்ற், இத்தாலியின் கராரா, இந்தியாவின் மக்ரானா என்று கல் வெட்டும் இடங்களுக்குப் போனார். மக்ரானா எது தெரியுமா? தாஜ்மகாலுக்கு வெள்ளைக்கல் கொடுத்த ஊர். தாஜ்மகாலைப் படம் எடுத்தவர்களுக்குக் கணக்கில்லை. மக்ரானாவின் குழியைப் படம் எடுக்க எத்தனை பேர் போனார்கள்?

முருங்கன் பெருமக்களே, இது உங்களுக்குப் புதிய கதையா? 1950இல் காங்கேசன்துறைச் சீமெந்து ஆலை உற்பத்தியைத் தொடங்கியது. சுண்ணக்கல் அங்கேயே கிடைத்தது. சீமெந்துக்குக் களிமண்ணும் வேண்டுமே, அது எங்கேயிருந்து போனது? இங்கேயிருந்து போனது! உங்கள் முருங்கன் மண் போனது. 1990இல் யுத்தம் அந்த ஆலையை நிறுத்தும்வரை, வடக்கில் எத்தனை பள்ளிக்கூடச் சுவர், எத்தனை கோயில் மண்டபம், எத்தனை கிணற்றுக்கட்டு அந்தச் சீமெந்தில் எழும்பியிருக்கும்! ஆலையின் புகைபோக்கியைப் பல படங்களில் பார்த்திருக்கிறேன். முருங்கனில் மண் வெட்டிய இடத்தின் படம் ஒன்றைக்கூட நான் கண்டதில்லை. இங்கே யாரிடமாவது இருந்தால் தயவுசெய்து என்னிடம் காட்டுங்கள்.

பேர்ட்டின்ஸ்கியிடம் திரும்புவோம். 1996இல் அவர் எடுத்த படமொன்று அவரை உலகுக்குக் காட்டியது. கனடாவின் சட்பரியில் நிக்கல் சுரங்கங்கள் இருக்கின்றன. உலோகம் பிரித்த பின் மிஞ்சும் கழிவு நீரோடு ஓடுகிறது. படத்தில் தரை கரிக்கறுப்பு. அதன் நடுவே ஆறு ஒன்று வளைந்து வளைந்து வருகிறது. ஆற்றின் நிறம் என்ன? நெருப்புச் செம்மஞ்சள்! கழிவிலிருந்த இரும்பு காற்றுப் பட்டுத் துருப்பிடித்த நிறம் அது. முதலில் பார்ப்பவன் எரிமலைக் குழம்பு என்று நினைப்பான். ஆகா, என்ன அழகு என்பான். பிறகுதான் இது நஞ்சு என்று தெரியும்.

இன்னொன்று நமக்குக் கிட்டத்து விஷயம். உப்பு. மன்னாரில் உப்பளத்தைத் தெரியாதவர் யார்? குஜராத்தில் சின்ன ரான் என்ற பெரும் உவர்நிலத்தின் உப்புப் பாத்திகளை 2016இல் அவர் ஆகாயத்திலிருந்து எடுத்தார். சாம்பல், வெளிர்நீலம், மண்ணிறம் என்று கட்டம் கட்டமாக, கோடு கோடாக நிலம் தெரிகிறது. நடுவே புள்ளி வைத்தாற்போல் கிணறுகள். வண்டிச் சக்கரத் தடங்கள் கீறல்களாக ஓடுகின்றன. சட்டம் போட்டு மாட்டினால் நவீன ஓவியம் என்றே எவரும் சொல்வார்கள். நிலத்தடி நீர் இறங்குவதால் இந்தப் பாத்திகளுக்கும் இந்தத் தொழிலுக்கும் ஆபத்து என்ற கவலையோடுதான் அவர் இதை எடுத்தார்.

சரி. அந்தப் பாத்தியில் வேலை செய்கிறவன் எங்கே? அகரியா என்ற உப்புத் தொழிலாளர் சமூகம் தலைமுறை தலைமுறையாக அங்கே உப்பு விளைவிக்கிறது. உப்பில் ஊறி விறைத்த பாதம், செத்த பிறகு சிதையில்கூட முழுதாக எரியாது என்று அவர்களைப் பற்றிச் சொல்வார்கள். வானத்திலிருந்து எடுத்த படத்தில் அந்தப் பாதம் தெரியுமா? தெரியாது. அந்த உயரத்தில் மனிதன் புள்ளியாகிவிடுகிறான். சில படங்களில் புள்ளியாகக்கூட இல்லை.

இவ்வளவு கேட்டை இத்தனை அழகாகக் காட்டலாமா என்று அவரைக் குறை சொல்கிறவர்கள் உண்டு. நான் அந்தக் கட்சி அல்ல. அழகு இல்லையென்றால் நாம் அந்தப் படத்துக்கு முன்னால் நிற்கவே மாட்டோம். என் குறை வேறு. அவர் படத்தைப் பார்த்துவிட்டு வருகிறவன் மனிதகுலம் பூமியைக் கெடுத்துவிட்டது என்று பெருமூச்சு விடுகிறான். மனிதகுலமா? சட்பரிச் சுரங்கத்தின் பங்குக்காரனும் சின்ன ரானின் அகரியாவும் ஒரே மனிதகுலமா? உயரம் கூடக் கூட, செய்தவனுக்கும் பட்டவனுக்கும் வித்தியாசம் தெரியாமல் போகிறது.

அவருக்கும் நியாயம் செய்யவேண்டும். சீனாவில் மூன்று மலைக்கணவாய் அணை கட்டியபோது பத்து இலட்சத்துக்கும் மேற்பட்டவர்களை ஊரைவிட்டு எழுப்பினார்கள். தண்ணீர் ஏறுவதற்கு முன், சனங்களே தங்கள் நகரங்களைக் கல் கல்லாக உடைத்தார்கள். 2002இல் அங்கே போன பேர்ட்டின்ஸ்கி தரையில் நின்று அதை எடுத்தார். இடிபாட்டுக்கு நடுவே சம்மட்டியோடு ஆட்கள் நிற்கிறார்கள். ஜெனிஃபர் பெய்ச்வால் 2006இல் அவரைப் பற்றி எடுத்த ஆவணப்படத்திலும் சீனத்து மனித முகங்களைப் பார்க்கலாம். அவருடைய நல்ல படங்கள் எவையென்று என்னைக் கேட்டால், தரைக்குக் கிட்ட இறங்கி வந்து எடுத்தவை என்பேன்.

அவருக்கு முன்னோடிகள் உண்டு. 1975இல் அமெரிக்காவின் ரொசெஸ்டர் நகரில், மனிதன் மாற்றிய நிலம் என்றே துணைத்தலைப்பிட்டு ஒரு கண்காட்சி நடந்தது. மலை, அருவி, சூரிய அஸ்தமனம் ஒன்றும் இல்லை. கார் நிறுத்துமிடம், புதுக் குடியிருப்பு, தொழிற்சாலைச் சுவர். அந்த வரலாற்றை விரித்தால் பொழுது போய்விடும். நாம் ஊருக்கு வருவோம்.

ஊருக்கு வந்தால் முதலில் நிற்க வேண்டிய இடம் யாழ்ப்பாணம். நான் சொல்லப்போகிறவர் தா. சனாதனன். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் நுண்கலைப் பேராசிரியர். டெல்லியில் ஓவியம் படித்தவர். எரிந்து மறுபடி எழும்பிய யாழ்ப்பாணப் பொது நூலகத்தில், 2004இல், வீடுகளில் மிஞ்சிய பொருட்களைச் சனங்களிடம் வாங்கி வைத்துக் காட்சியாக்கியவர். அவருடைய நூல் ஒன்று 2011இல் வந்தது. ஷர்மினி பெரேராவின் ரேக்கிங் லீவ்ஸ் பதிப்பகம் வெளியிட்டது. 'முற்றுப்பெறாத தோம்பு' என்று தமிழில் சொல்லலாம்.

தோம்பு என்றால் மூத்தவர்களுக்குத் தெரியும். போர்த்துக்கேயரும் ஒல்லாந்தரும் காணிகளைப் பதிந்து வைத்த பேரேடு. யாருடைய காணி, எவ்வளவு, என்ன மரம் நிற்கிறது, எவ்வளவு வரி என்று அரசு தன் தேவைக்கு எழுதிய ஏடு. சனாதனன் என்ன செய்தார்? யுத்தத்தில் இடம்பெயர்ந்த வடக்கு கிழக்கு மக்களிடம் போனார். நிலத்தைப் படம் எடுக்கக் கமராவோடு போகவில்லை. நீங்கள் விட்டுவிட்டு வந்த வீட்டை நினைவிலிருந்து வரைந்து தாருங்கள் என்று கேட்டார்.

நினைத்துப் பாருங்கள். வாழ்நாளில் படம் வரையாத ஒரு தாய். கையில் பேனை. முதற்கோடு எங்கே விழும்? வாசலிலா? அடுப்படியிலா? கிணற்றடியிலா? வீடு இப்போது இருக்கிறதா என்றும் தெரியாது. கூரை போயிருக்கும். சுவர் போயிருக்கும். அத்திவாரத்தையும் சில இடங்களில் கிளப்பிக்கொண்டு போய்விட்டார்கள். ஆனால் அறைக்கும் திண்ணைக்கும் எத்தனை அடி என்பது அவள் காலுக்குத் தெரியும். அந்தக் கால் சொல்ல, கை வரைகிறது.

அந்த நூலில் ஒரு வீடு மூன்று முறை வருகிறது. முதலாவது, வீட்டுக்காரர் தம் கையால் வரைந்த தரைப்படம். இரண்டாவது, அதையே கட்டடக் கலைஞர் அளவுகோல் வைத்து வரைந்தது. மூன்றாவதுதான் சனாதனனின் ஓவியம், உலர் வண்ணத்தில் வரைந்தது. கவனித்தீர்களா? ஓவியர் மூன்றாவதாகத்தான் வருகிறார்! முதலிடம் வீட்டுக்காரருக்கு. நூலையும் அலங்காரமான ஓவியப் புத்தகமாகச் செய்யவில்லை; அரச அலுவலகக் கோப்புப் போலக் கட்டியிருக்கிறார்கள். காணிப் பிரச்சினைக்காகக் கச்சேரிக்கும் பிரதேச செயலகத்துக்கும் நடந்து நடந்து செருப்புத் தேய்ந்தவர்கள் இந்தச் சபையில் எத்தனை பேர் இருக்கிறீர்கள்! அந்தக் கோப்பின் கனம் உங்களுக்கு நான் சொல்லித் தெரியவேண்டுமா?

வீட்டுக்காரர் வரைந்ததும் கட்டடக் கலைஞர் வரைந்ததும் ஒத்துப்போகாத இடங்கள் வரத்தான் செய்யும். நினைவுக்கு அளவுகோல் கிடையாது. வருஷத்தில் மூன்று நாள் விருந்தாளி உட்கார்ந்த பெரிய அறை தாளில் சிறுத்துப் போகலாம், தினமும் அம்மா நின்ற இடம் பெருத்துப் போகலாம். நிலஅளவையாளர் இதைப் பிழை என்பார். சனாதனன் பிழை என்று அழிக்கவில்லை. அதனாலேயே அவரை நான் பேர்ட்டின்ஸ்கிக்கு ஒரு படி மேலே வைக்கிறேன். பெரிய கமராவும் ஹெலிகொப்டரும் காட்டாத ஒன்றை ஒரு பேனையும் தாளும் காட்டிவிட்டன. நிலம் மாறும்போது போவது மண் மட்டுமா? மண்ணைப் பற்றி ஒருவர் வைத்திருந்த அறிவும் கூடவே போகிறது.

அது போனால் என்ன நடக்கும்? மன்னார் மாவட்டத்திலேயே பதில் இருக்கிறது. முசலிக்குப் போங்கள்.

1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகள் வடக்கு முஸ்லிம் மக்களை வெளியேற்றினார்கள். எருக்கலம்பிட்டியிலிருந்தும் முசலியிலிருந்தும் சனங்கள் கையில் அகப்பட்டதோடு புத்தளம் பக்கம் போனார்கள். இருபது வருஷத்துக்கு மேல் அகதி வாழ்க்கை. மறிச்சுக்கட்டியிலும் கரடிக்குளியிலும் பாலைக்குளியிலும் மனிதன் இல்லாத காணியில் காடு எழும்பியது. 2012இல் வர்த்தமானி வந்தது. அந்தப் பக்கத்து நிலங்கள் ஒதுக்குக்காடு என்றானது. 2017இல் மாவில்லுப் பாதுகாப்பு வனம் என்று இன்னும் பெரிய பரப்புக்கு இன்னொரு வர்த்தமானி. திரும்பி வந்தவர்களுக்குக் கிடைத்த பெயர் என்ன? காடழிப்பவர்கள்!

காடு வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. பக்கத்து வில்பத்து வனம் இந்தத் தீவின் செல்வம். சட்டம் இருக்கிறது, நீதிமன்றம் இருக்கிறது. எந்த ஏக்கர் யாருடையது என்று தீர்ப்புச் சொல்ல நான் வரவில்லை. நான் கேட்பது ஒன்றுதான். ஆகாயத்திலிருந்து பார்த்தால் இருபது வருஷக் காடும் இருநூறு வருஷக் காடும் ஒரே பச்சை. அதற்குக் கீழே கிணறு இருக்கிறது, பள்ளிவாசல் சுவர் இருக்கிறது, மையவாடி இருக்கிறது என்று சொல்ல என்ன படம் இருந்தது? ஊரார் கையால் வரைந்த ஊர்ப்படம் ஒன்று 1990க்கு முன்பே இருந்திருந்தால் பேச்சு வேறு விதமாகப் போயிருக்காதா?

முள்ளிக்குளத்துக் கத்தோலிக்க மக்கள் இதையே வேறு வடிவில் கண்டார்கள். 2007இல் வெளியேறினார்கள்; ஊரில் கடற்படைத் தலைமையகம் அமைந்தது. 2017இல் வீதியோரத்தில் இருந்து போராடிய பிறகுதான் ஒரு பகுதியை விடக் கடற்படை இணங்கியது. ஒரு பக்கம் மரம் மூடியது, ஒரு பக்கம் முள்வேலி மூடியது.

வேலி என்றதும் ஜாஸ்மின் நிலானி ஜோசப்பைச் சொல்லாமல் போகமுடியாது. யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் ஓவியம் படித்த இளம் தலைமுறைக் கலைஞர். பேனையால் நுணுக்கமாக வரைகிறவர். வேலிகள், ஆளில்லா வீடுகள், பற்றை மூடிய வளவுகள். நாம் தினமும் கடந்து போகிற வேலியை நின்று பார்க்க வைக்கிறார். மாணவச் செல்வங்களே, பெரிய செலவில்லாத கலை இது. பேனையும் பொறுமையும் போதும்.

கடல் நிலமா என்று யாராவது கேட்கலாம். மன்னாரான் கேட்கமாட்டான். அரிப்புக்கும் சிலாவத்துறைக்கும் முன்னால் கடலுக்குள் கிடக்கும் முத்துப் பார்களை நம்பி எத்தனை அரசுகள் வந்து போயின! 1905இல் மட்டும் எட்டுக் கோடிக்கு மேல் சிப்பி அள்ளினார்கள். எட்டுக் கோடி! அடுத்த வருஷமே பார்களை ஒரு கம்பனிக்குக் குத்தகைக்குக் கொடுத்தார்கள். சில வருஷங்களில் சிப்பியும் இல்லை, கம்பனியும் இல்லை. ஆங்கிலேயத் தேசாதிபதி நோர்த் முத்துக்குளிப்பை மேற்பார்க்க அரிப்புக் கடற்கரையில் 19ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கட்டிய மாளிகை, நம் சனங்கள் அல்லிராணிக் கோட்டை என்று அழைப்பது, கடலரிப்பில் துண்டு துண்டாக விழுந்துகொண்டிருக்கிறது. மாளிகையைப் படம் எடுக்க ஆட்கள் வருகிறார்கள். பார்களை யார் படம் எடுத்தார்கள்? இன்று அடிமடி இழுவை வலை கடலின் அடியை உழுதுகொண்டு போகிறது. 2017இல் இலங்கை அதைச் சட்டத்தால் தடைசெய்தது. அக்கரைப் படகுகள் வருவது நிற்கவில்லை. தரையில் ஒரு டோசர் இப்படி ஓடினால் ஊரே திரண்டு மறிக்கும். கடலின் அடி கண்ணுக்குத் தெரியாததால் ஓடுகிறது.

அதே கடலின் அக்கரையில் ஒருவர் கண்ணுக்குத் தெரியவைக்கிறார். பழனிக்குமார். மதுரைக்காரர், மீன் விற்கும் தாயின் மகன். பாரி என்ற கிராமப்புற ஆவணக் காப்பகத்தின் புகைப்படக்காரர். இராமநாதபுரம் மாவட்டம் பாரதிநகரில் கடற்பாசி சேகரிக்கும் பெண்களை அவர் எடுத்த படங்கள் இருக்கின்றன. சேலைக்கு மேல் சட்டை, கண்ணில் நீர்க்கண்ணாடி, கையில் துணி சுற்றி, மூச்சடக்கிக் கடலுக்குள் இறங்குகிறார்கள். கமராவும் அவர்களோடு தண்ணீருக்குள் இறங்கியிருக்கிறது! மன்னார் வளைகுடாக் கடல்வாழ் தேசியப் பூங்கா என்று சட்டம் தீவுகளைச் சுற்றிக் கோடு போட்டது. அந்தக் கோட்டுக்கு எந்தப் பக்கம் இந்தப் பெண்கள் மூச்சடக்குவது? பூங்கா என்றால் பவளப்பாறையும் மீனும் மட்டும் கொண்ட படம்தான் நமக்கு ஞாபகம் வரும். பழனிக்குமாரின் படத்தில் கடலும் இருக்கிறது, கடலை நம்பிய உடம்பும் இருக்கிறது. மேலே இருந்து எடுத்திருந்தால் நீலம் மட்டும்தான் தெரிந்திருக்கும்.

இப்போது நிகழ்காலத்துக்கு வருகிறேன். கூட்டத் தலைவர் மணிக்கூட்டைப் பார்ப்பது தெரிகிறது, சுருக்கமாகவே முடிக்கிறேன்.

மன்னார்த் தீவின் தென்கரையில் தம்பபவனிக் காற்றாலைகள் 30 நிற்கின்றன. 103.5 மெகாவாற் மின்சாரம். 2020 டிசம்பரில் திறந்து வைத்தார்கள். இரவில் முருங்கன் பக்கத்திலிருந்து தலைமன்னார் ரயிலில் போகிற பிள்ளைகளுக்கு அந்தச் சிவப்பு விளக்குகள் வேடிக்கை. மன்னார்ச் சனங்கள் என்ன சொல்கிறார்கள்? மாரியில் வெள்ளம் வடியும் வழி மாறிவிட்டது, மீன் கரைக்கு வருவது குறைந்துவிட்டது என்கிறார்கள். அதானி நிறுவனம் தான் கொண்டுவர இருந்த பெரும் காற்றாலைத் திட்டத்திலிருந்து 2025 பெப்ரவரியில் விலகியது. அந்த ஆண்டு ஓகஸ்டில், புதிய காற்றாலைகளும் இல்மனைற் மண் அகழ்வும் வேண்டாமென்று மன்னார் நகரில் சனங்கள் வீதிக்கு வந்தார்கள். குருமாரும் மீனவரும் வர்த்தகரும் ஒன்றாக நின்றார்கள்.

காற்றாலை எனக்கு எதிரியல்ல. நிலக்கரியை எரிப்பதைவிடக் காற்றைப் பிடிப்பது மேல். அப்படியிருந்தும் ஒரு கேள்வி மனதைக் குடைகிறது. முதல் தூணுக்குக் குழி வெட்டுவதற்கு முன், மாரி வெள்ளம் எந்தப் பிட்டியைச் சுற்றி, எந்தத் தரவையில் இறங்கி, எந்த முகத்தால் கடலுக்குப் போனது என்று யாராவது வரைந்து வைத்தோமா? எந்தக் கரைவலைப் பாடு யாருடையது என்று வரைந்தோமா? கம்பனியிடம் வரைபடம் இருக்கிறது. திணைக்களத்திடம் வரைபடம் இருக்கிறது. மேசையின் இரு பக்கமும் உட்கார்ந்து பேசும்போது நம் பக்கத்தில் என்ன இருக்கிறது? நினைவு இருக்கிறது. வாய்ப்பேச்சு இருக்கிறது. வாய்ப்பேச்சை எந்தக் கோப்பில் குத்துவது?

முருங்கனுக்கே ஒரு கணக்குச் சொல்கிறேன். 1914இல் இந்த வழியாகத் தலைமன்னாருக்கு ரயில் ஓடத் தொடங்கியது. 1990இல் நின்றது. தண்டவாளம் போனது, சிலிப்பர்க் கட்டை போனது, மேடு மட்டும் மிஞ்சியது. 2015 மார்ச்சில் மறுபடி ரயில் வந்தது. இடையில் போன 25 வருஷம் அந்த மேட்டில் மாடு மேய்ந்தது, சனம் நடந்தது, இராணுவம் நின்றது. வயலுக்குள் மிதிவெடி புதைந்து கிடந்தது. சிவப்புத் தலை வைத்த கம்புகளை நட்டு, ஒரு முழம் ஒரு முழமாக மண்ணைக் கிண்டி எடுத்தார்கள். அந்த நாட்களின் முருங்கனை வரைந்தவர் யார்? இந்தச் சபையில் ஒருவரும் இல்லையென்றால், இன்னும் காலம் போய்விடவில்லை. பார்த்தவர்கள் உயிரோடு இருக்கிறார்கள்.

ஆகவே ஒரு வேலை கேட்டு என் பேச்சை முடிக்கிறேன். சனாதனன் தனி மனிதராகச் செய்ததை ஒரு ஊர் தனக்காகச் செய்யலாம். கட்டுக்கரையின் கட்டு, துருசு, வான், வாய்க்கால். நல்ல தண்ணீர்க் கிணறு எது, சவர்க் கிணறு எது. மாடு மேய்ந்த தரை. களிமண் வெட்டிய குழி. மாரி வெள்ளம் ஓடும் வழி. கோயில் மரம், பள்ளிவாசல் காணி, சேமக்காலை, மையவாடி. இப்போது இல்லாதவற்றையும் வரையுங்கள். அழகாக வரைய வேண்டியதில்லை. ஒரே இடத்தை மூன்று பேர் தனித்தனியாக வரையுங்கள். ஒத்துவராத கோட்டை அழிக்காதீர்கள், பக்கத்தில் காரணத்தை எழுதுங்கள். ஊர்ப் பெயரும் திகதியும் போடுங்கள். பாட்டன் சொல்ல பேத்தி வரையலாம். இரண்டு பிரதி செய்து ஒன்றை வீட்டில் வையுங்கள், ஒன்றை நூலகத்தில் கொடுங்கள்.

ஏற்பாட்டாளர்களிடம் கேட்டு மண்டப வாசலில் மேசையும் தாளும் பென்சிலும் போட வைத்திருக்கிறேன். தேநீரும் அங்கேதான். வயது கூடியவர்கள் முதலில் வாருங்கள். பிள்ளைகள் தாளைப் பிடித்துக்கொடுங்கள்.